கடலில் போன தங்கச்சி

தினேஸ்வரி பச்சை குத்திக்கொள்ளப் போவதாகச் சொன்னதும் அவளுடைய அம்மா குமுதா பேச்சை நிறுத்திவிட்டாள். தட்டில் சோற்றைப் போடுவாள், குழம்பை ஊற்றுவாள், வாயைத் திறக்கமாட்டாள். கடைசியில் அவளுக்கே அது சலித்துப்போனது.

"குத்தறதுதான் குத்தற, வெளிய தெரியாத எடமா பார்த்துக் குத்து. ஹோட்டல்ல உன் மேனேஜர் என்னா சொல்லுவாரு?"

"முழுக்கைச் சட்டைதானம்மா யூனிபோம். யாருக்குத் தெரியப்போவுது?"

தினேஸ்வரிக்கு முப்பத்தொரு வயது. ஈப்போவில் ஒரு ஹோட்டலின் வரவேற்பு மேசையில் வேலை. அவள் கேட்டது பட்டாம்பூச்சியோ ரோஜாவோ இல்லை. பழைய வீட்டைக் காலி செய்து புந்தோங்கில் புது வீட்டுக்கு வந்தபோது ஒரு புகைப்படம் கிடைத்திருந்தது. ரப்பர் தோட்டத்துத் தொழிலாளர் லயத்தின் முன்னால் ஒரு பெண் நிற்கிறாள். நாற்பது வயது இருக்கும். ஒரு கையைத் தூக்கி வாசல் கம்பத்தைப் பிடித்திருக்கிறாள். தோட்டத்து ஆஸ்பத்திரி டிரசர் புதிதாக கேமரா வாங்கிய காலத்தில் எடுத்த படம். அது தினேஸ்வரியின் அப்பா மகேந்திரனுடைய அப்பாயி, அதாவது அவர் அப்பாவைப் பெற்றவள், பொன்னாயி. அவள் முன்கை முழுக்கப் பச்சைக் கோலம்.

பொன்னாயியின் கதை அந்த வீட்டில் எல்லாருக்கும் தெரியும். அக்காவும் தங்கச்சியுமாக நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறினார்கள். பினாங்கை நெருங்கும்போது கப்பல் மூழ்கியது. தங்கச்சி செவத்தாயி கடலோடு போய்விட்டாள். அக்கா பொன்னாயி பிழைத்து, பீடோர் பக்கத்துத் தோட்டத்தில் காத்திருந்த புருஷன் அப்பாவுவிடம் வந்து சேர்ந்தாள். ஒவ்வோர் ஆடி அமாவாசைக்கும் வீட்டில் இரண்டு இலை போடுவார்கள். ஒன்று வீட்டில் இறந்தவர்களுக்கு. இன்னொன்று, மேலே புதுப் புடவை வைத்து, கடலில் போன செவத்தாயிக்கு.

பச்சை குத்தும் கடை ஜாலான் லாஹாட்டில் ஒரு துணிக்கடையின் மாடியில் இருந்தது. ஷர்வின் என்ற இளைஞன் நடத்தினான். படத்தைக் கணினியில் ஏற்றிப் பெரிதாக்கிக்கொண்டே போனான். புள்ளிகள், வளைவுகள், நடுவில் ஒரு துளசி மாடம்.

"அழகா இருக்குலா அக்கா. யாரு போட்டாங்களோ, கை நல்லா இருந்திருக்கு" என்றவன் சட்டென்று நிறுத்தினான். "பொறுங்க. இது கோலம் இல்ல. கீழ எழுத்து இருக்கு."

மணிக்கட்டுக்கு மேலே, வளையல்கள் விலகிய இடத்தில், குண்டு குண்டாக எழுத்துகள். ஷர்வின் வெளிச்சத்தைக் கூட்டினான், குறைத்தான். தமிழ்ப்பள்ளியில் படித்தவன்தான், ஆனாலும் எழுத்துக் கூட்டித்தான் படிக்க முடிந்தது.

"செ... வ... அடுத்தது த்தா மாதிரி இருக்கு. செவத்தாயி. உங்க பாட்டி பேரா அக்கா?"

"இல்ல" என்றாள் தினேஸ்வரி. "பாட்டியோட தங்கச்சி பேரு. கடல்ல போனவங்க."

இருவரும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். தங்கச்சியைப் பறிகொடுத்தவள் அவள் பெயரைக் கையில் எழுதி வைத்துக்கொண்டு காலம் முழுவதும் பால் வெட்டியிருக்கிறாள் என்று நினைத்ததும் தினேஸ்வரிக்குக் கண் நிறைந்தது.

"எழுத்தையும் சேத்துக் குத்திடு ஷர்வின்."

"குத்தலாம் அக்கா. ஆனா நடு எழுத்து சரியாத் தெரியல. தப்பா குத்திட்டா அப்புறம் அழிக்க முடியாது. வீட்டுல ஒரு வார்த்தை கேட்டுட்டு வாங்க."

மகேந்திரன் லாரி ஓட்டி ஓய்வு பெற்றவர். அதிகம் பேசாதவர். பெரிதாக்கிய படத்தை மகள் போனில் காட்டியபோது கண்ணாடியைப் போட்டுப் பார்த்தார், கழற்றித் துடைத்துவிட்டு மறுபடியும் பார்த்தார்.

"அப்பாயி கையில பச்சை இருக்கும், தெரியும். நான் பாக்கறப்போ எல்லாம் சுருங்கிப் போயிருந்துச்சு. பாசி படிஞ்ச மாதிரி இருக்கும். எழுத்துன்னு தெரியாது." போனை மகளிடம் திருப்பிக் கொடுத்துவிட்டு, "தங்கச்சி மேல அவ்ளோ உசிரா இருந்திருக்கு" என்றார். பிறகு, "நவமணி அக்காவைக் கேக்கலாம். அவங்கதான் அப்பாயி கூடவே வளந்தவங்க" என்றார்.

நவமணி, மகேந்திரனின் பெரியப்பா மகள். எழுபதைத் தாண்டியவர். பீடோரில் பெரிய சாலையோரம் கொய்யாப்பழக் கடை வைத்திருந்தார். ஞாயிற்றுக்கிழமை இவர்கள் போய் இறங்கியபோது ஒரு சீனத் தம்பதிக்குப் பழத்தை நறுக்கி உப்புப்பொடி தூவிக் கொடுத்துக்கொண்டிருந்தார்.

"வா வா. பசியாறிட்டுத்தான் வந்தீங்களா, இல்ல வெறும் வயித்தோட வந்தீங்களா?"

வாடிக்கையாளர் போனதும் தினேஸ்வரி போனை நீட்டினாள். "அத்தை, பாருங்க. பாட்டி தங்கச்சி பேரைக் கையில எழுதி வச்சிருந்திருக்காங்க."

நவமணி போனைத் தள்ளிப் பிடித்துப் பார்த்தார். பிறகு சிரிக்கத் தொடங்கினார். கத்தியைக் கீழே வைத்துவிட்டு, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்கச் சிரித்தார்.

"என்னாக்கா சிரிக்கிறீங்க?" என்றார் மகேந்திரன். அவருக்குக் கொஞ்சம் கோபம்கூட வந்தது.

"ஏண்டா, தோட்டத்துல யாருடா பச்சை குத்துனா? அது ஊருல குத்துறது. சின்னப் பிள்ளையில, குறத்தி வந்து குத்துவா. கப்பல் ஏறறதுக்கு ரொம்ப முன்னாடியே குத்துனது அது. உசிரோட இருக்கற தங்கச்சி பேரை யாராச்சும் குத்திக்குவாங்களா? அவங்கவங்க பேரைத்தான் குத்திக்குவாங்க."

தினேஸ்வரிக்குப் புரிய ஒரு நிமிடம் ஆயிற்று. மகேந்திரனுக்கு அதைவிட நேரம் எடுத்தது.

"அப்போ அப்பாயி..."

"அப்பாயிதான் செவத்தாயி. கடல்ல போனது பொன்னாயி" என்றார் நவமணி. "உக்காருங்க. நின்னுக்கிட்டே கேக்கற கதையா இது?"

நவமணி சொன்னது இதுதான்.

அப்பாவு ஊருக்குப் போய்ப் பொன்னாயியைக் கல்யாணம் செய்துகொண்டு, தனியாகத்தான் தோட்டத்துக்குத் திரும்பினார். பிறகு ஊருக்குப் போகிறவர் ஒருவரிடம் சொல்லி மனைவியை வரச் சொன்னார். பொன்னாயிக்குத் தாய் தகப்பன் இல்லை. வயதுக்கு வந்த தங்கச்சியை யாரிடம் விட்டுவிட்டு வருவது? கையைப் பிடித்துக் கூடவே அழைத்து வந்துவிட்டாள்.

அது பழைய சரக்குக் கப்பல். மூட்டைகளுக்கு நடுவே ஆட்கள். செவத்தாயி வழியெல்லாம் வாந்தி எடுத்துக்கொண்டு வந்தாள். பொழுது சாயும் நேரத்தில் பினாங்கு மலை தெரிகிறது என்று யாரோ கத்தினார்கள். கீழே கிடந்தவர்கள் எல்லாரும் மேலே ஓடிவந்து, மலையைப் பார்க்க ஒரே பக்கம் நெருக்கி நின்றார்கள். சிலர் கும்பிட்டார்கள், சிலர் அழுதார்கள். ஏற்கெனவே காற்று பலமாக அடித்துக்கொண்டிருந்தது. கப்பல் அந்தப் பக்கமாகச் சாய்ந்தது. சாய்ந்தது நிமிரவே இல்லை.

அக்காவும் தங்கச்சியும் ஒரு கட்டையின் இரு முனைகளைப் பிடித்துக்கொண்டு மிதந்தார்கள். இருட்டில் முகம் தெரியவில்லை. தங்கச்சி தூங்கிவிடக் கூடாது என்று பொன்னாயி பேசிக்கொண்டே இருந்தாள். தோட்டத்துக்குப் போனதும் வாசலில் முருங்கை வைக்கணும், கோழி வளர்க்கணும், உனக்கு அங்கேயே மாப்பிள்ளை பார்க்கணும். அந்தப் பேச்சு எப்போது நின்றது என்று செவத்தாயிக்குக் கடைசிவரை தெரியவில்லை. பொழுது வெளுத்தபோது கட்டையின் மறுமுனையில் யாரும் இல்லை.

மிதந்தவர்களில் சிலரை வேறொரு கப்பல் தூக்கிப் பினாங்குக்குக் கொண்டுபோனது. செவத்தாயியையும் இன்னும் சிலரையும் பினாங்குக்குத் தெற்கே உள்ள கோலக் குராவ் மீன்பிடிப் படகுகள் கரை சேர்த்தன. அவர்களில் ஒருவர் ஆசாரி. பிற்பாடு தைப்பிங்கில் நாற்காலி செய்து பிழைத்தார். ஒருவன் பெண்டாட்டியைப் பறிகொடுத்தவன். மலாயாவில் ஒரு வாய்ச் சோறும் தின்னமாட்டேன் என்று அடுத்த கப்பலிலேயே திரும்பிவிட்டான். இன்னொருவர் கப்பல் சமையல்காரர், மீரா லெப்பை.

செவத்தாயியை ஒரு மலாய் மீனவர் வீட்டில் வைத்துப் பார்த்துக்கொண்டார்கள். உடுத்திக்கொள்ள அந்த வீட்டுப் பெண் தன் சாரோங்கைக் கொடுத்தாள். செய்தி கேட்டு அப்பாவு ரயிலேறி பாகான் செராய்க்கு வந்து, அங்கிருந்து கோலக் குராவுக்கு வந்தார். அதே நாளில் பிழைத்தவர்களின் பெயர் கேட்டு ஓர் அதிகாரியும் வந்திருந்தார். தோட்டத் தொழிலாளியின் மனைவி என்றால் தோட்டத்துக்குப் போகலாம். தனிப் பெண் என்றால் ஊருக்குத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். ஊரில் செவத்தாயிக்கு யார் இருக்கிறார்கள்?

சாரோங்கில் முதுகு காட்டி நின்றவளைப் பார்த்து, தன் மனைவிதான் என்று அப்பாவு ஓடிவந்தார். அவள் திரும்பினாள். அவர் அப்படியே நின்றுவிட்டார்.

இது இவருடைய மனைவி பொன்னாயியா என்று அதிகாரி கேட்டார். மீரா லெப்பைதான் மொழிபெயர்த்தார். அப்பாவு வாய் திறப்பதற்குள் செவத்தாயி "ஆமா" என்றாள். அதிகாரி அப்பாவுவைப் பார்த்தார். அப்பாவு அந்தப் பெண்ணைப் பார்த்தார். உதடெல்லாம் உப்பில் வெடித்திருந்தது அவளுக்கு. "ஆமா" என்றார் அவரும். உண்மை தெரிந்த மீரா லெப்பை முகத்தில் ஒரு மாற்றமும் காட்டாமல் அதை அதிகாரிக்குச் சொன்னார்.

"அப்புறம் தோட்டத்துக்கு வந்தாங்க" என்றார் நவமணி. "லயத்துல ஒரு ரூம்தான். தாத்தா வெளியதான் படுப்பாராம். ஒரு வருசம். அக்காவை நெனச்சு அவரு ஒரு பக்கம் அழுவாரு, இது ஒரு பக்கம் அழும். ஒருநாள் நல்ல மழை. பாயை எடுத்து உள்ள போட்டுட்டு, 'நனைஞ்சு காய்ச்சல்ல படுத்தா யாரு கஞ்சி வைக்கிறது? உள்ள வாங்க'ன்னுச்சாம். அடுத்த வாரம் மாரியம்மன் கோயில்ல வச்சுக் கயிறு கட்டுனாரு. பாத்தவங்க எல்லாம் பழைய கயிறை மாத்திக் கட்டுறாங்கன்னு நெனச்சுக்கிட்டாங்க."

தினேஸ்வரி கன்னத்தைத் துடைத்துக்கொண்டே சிரித்தாள்.

"அதுக்கப்புறமாவது பேரைச் சொல்லியிருக்கலாமே அத்தை?"

"ஐசி கார்டுல பொன்னாயின்னு போட்டாச்சு. அதோட, அப்பாயிக்கே மாத்த இஷ்டமில்ல. தோட்டத்துல நாலு பேரு பொன்னாயி பொன்னாயின்னு கூப்பிட்டா அக்கா எங்கயோ பக்கத்துல இருக்கற மாதிரி இருக்குன்னு சொல்லும்."

"உங்களுக்கு எப்படிக்கா தெரியும்?" என்றார் மகேந்திரன்.

"படையல்லதான். ஆடி அமாவாசைக்கு செவத்தாயின்னு இலை போட்டுக் கும்பிடுவோமே, அந்த இலையிலேர்ந்து அப்பாயி ஒரு வடையை எடுத்து வாயில போட்டுக்கிச்சு. காக்காய்க்குக்கூட இன்னும் வைக்கல. நான் சின்னப் பிள்ளை, பாத்துட்டேன். 'என்னா அப்பாயி'ன்னு கேட்டா, 'எனக்குப் போட்ட எலைதான்டி, நான் திங்காம யாரு திங்கறது'ன்னுச்சு. அப்புறம் உக்கார வச்சு எல்லாம் சொல்லுச்சு."

மகேந்திரன் தலையில் கை வைத்துக்கொண்டார். "இத்தன வருசம் ஏன்கா எங்கிட்ட சொல்லல? தப்பான பேருக்குப் படைச்சுக்கிட்டு இருக்கேன்!"

"நீ எப்படா கேட்ட? அதுவும் என்னா தப்பு? அப்பாயி செத்தப்புறம் செவத்தாயிக்குப் போட்ட இலை அதுக்கே போச்சு. வீட்டுப் பெரியவங்கன்னு பொன்னாயி பேரைச் சொல்லிப் போட்ட இலை, கடல்ல போனவளுக்குப் போச்சு. ரெண்டு பேருக்கும் வயிறு நெறஞ்சுச்சுலா. புடவைதான் ஆளு மாறிப் போயிடுச்சு."

மகேந்திரன் அதை யோசித்துப் பார்த்தார். கணக்கு சரியாகத்தான் இருந்தது. மெல்ல அவருக்கும் சிரிப்பு வந்தது.

அடுத்த வாரமே தினேஸ்வரி போய்ப் பச்சை குத்திக்கொண்டாள். கோலமும் உண்டு, பெயரும் உண்டு. குமுதா அவள் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "பெத்தவ பேரை எழுதணும்னு தோணுச்சா உனக்கு?" என்று கேட்டதோடு விட்டுவிட்டாள்.

ஆடி அமாவாசை வந்தது. இந்த முறை படையலுக்கு முன்னால் கோலக் குராவுக்குப் போகவேண்டும் என்றார் மகேந்திரன். அவராக ஒன்றைக் கேட்பது அபூர்வம் என்பதால் யாரும் மறுக்கவில்லை. விடியற்காலையிலேயே பீடோருக்குப் போய் நவமணியை ஏற்றிக்கொண்டு மறுபடி வடக்கே திரும்பினார்கள். பாகான் செராய் தாண்டியதும் இரண்டு பக்கமும் நெல்வயல். நவமணி காரின் கண்ணாடியை இறக்கிவிட்டு, காற்று முகத்தில் அடிக்க உட்கார்ந்து வந்தார்.

கோலக் குராவில் ஒரு மீனவர் தன் படகில் ஆற்று முகத்துவாரம்வரை கூட்டிப்போக ஒப்புக்கொண்டார். குமுதா கரையிலேயே நிற்கிறேன் என்று சொல்லிவிட்டு, படகு புறப்படும்போது மனம் மாறி ஏறிக்கொண்டாள். கடல் அன்று சாதுவாக இருந்தது. சேற்று நிறத் தண்ணீர் மெல்ல மெல்லப் பச்சையானது. தூரத்தில் பினாங்கு மலை நீலப்புகைபோலத் தெரிந்தது. மீனவர் இஞ்சினை நிறுத்தினார்.

மகேந்திரன் எள்ளும் தண்ணீரும் விட்டார். பூவைப் போட்டார். பிறகு என்ன செய்வதென்று தெரியாமல் நின்றார்.

"கூப்பிடுடா" என்றார் நவமணி.

"எப்படி கூப்புடறது? எனக்கு என்னா முறை அவங்க?"

"பெரிய அப்பாயி."

"பெரிய அப்பாயி" என்றார் மகேந்திரன். குரல் வெளியே வரவில்லை. மறுபடியும், லாரிப் பட்டறையில் ஆளைக் கூப்பிடும் குரலில், "பொன்னாயி அப்பாயி! நாங்க உங்க தங்கச்சி புள்ளைங்க வந்திருக்கோம். எல்லாரும் நல்லா இருக்கோம்" என்றார்.

பூக்கள் படகைச் சுற்றிக் கொஞ்ச நேரம் நின்று, பிறகு நீரோட்டத்தில் கூட்டமாக நகர்ந்தன. குமுதா புதுப் புடவையை நெஞ்சோடு பிடித்திருந்தாள். அதைத் தண்ணீரில் போடவேண்டாம், வீட்டில் பொன்னாயி பேரைச் சொல்லிப் படைத்துவிட்டு நவமணி அக்காவே கட்டிக்கொள்ளட்டும் என்றாள். மறுப்பதுபோல் நவமணி இரண்டு வார்த்தை சொன்னார், அதற்குமேல் சொல்லவில்லை.

திரும்பும் வழியில் பாகான் செராயில் நிறுத்தச் சொன்னார் நவமணி.

"தாத்தாவும் அப்பாயியும் வருசத்துக்கு ஒருக்கா இங்க வருவாங்க. புது அரிசி வாங்க ரயில் ஏறுவாங்க. ரொம்பச் சின்னதுல என்னையும் ஒரு தடவை கூட்டிட்டு வந்தாங்க. மீரா லெப்பை இங்கதான் சாப்பாட்டுக்கடை வச்சிருந்தாரு. இப்ப இருக்கோ இல்லையோ."

பழைய கடை இருந்த இடத்தில் போன் விற்கும் கடை இருந்தது. அங்கே விசாரித்ததில் பின்வரிசைக்குக் கைகாட்டினார்கள். பின்வரிசையில் வெள்ளை ஓடு பதித்த சாப்பாட்டுக்கடை ஒன்று. கல்லாவில் அறுபது வயது மதிக்கத்தக்க ஒருவர் உட்கார்ந்திருந்தார். அவர் பெயர் ஷரபுதீன்.

"வாங்க, உக்காருங்க. என்னா சாப்புடறீங்க? கோழி இப்பத்தான் எறக்குனது."

"இன்னிக்கு அமாவாசைங்க அண்ணே, படையல் முடியற வரைக்கும் சாப்பாடு இல்ல" என்றாள் குமுதா. "தண்ணி மட்டும் குடுங்க."

"அப்ப டீ குடிங்க."

நவமணி நின்றுகொண்டே கேட்டார். "தம்பி, மீரா லெப்பைன்னு..."

"எங்க தாத்தா. உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"கப்பல்ல எங்க அப்பாயி கூட வந்தவரு. கோலக் குராவுல ஒண்ணா கரை சேந்தாங்க."

ஷரபுதீன் கல்லாவைவிட்டு எழுந்தார். நால்வரையும் ஒவ்வொருவராகப் பார்த்தார்.

"நீங்க செவத்தாயி வீட்டு ஆளுங்களா?"

அந்தப் பெயரை வெளியாள் ஒருவர் இத்தனை சாதாரணமாகச் சொல்லுவார் என்று அவர்கள் எதிர்பார்க்கவில்லை. மகேந்திரன்தான் கடைசியில் கேட்டார்.

"பொன்னாயின்னு சொல்லிக் கேட்டதில்லையா அண்ணே?"

"பொன்னாயியா? அப்படி யாரும் இல்லையே. செவத்தாயிதான். எங்க வாப்பா அவங்களப் பத்தி எப்பப் பாத்தாலும் சொல்லுவாரு. வாசல்ல வர்றப்பவே தாத்தா 'வா செவத்தாயி'ன்னு சத்தமாக் கூப்புடுவாராம். அவங்க உடனே பதில் சொல்லமாட்டாங்களாம். நின்னு, இன்னொரு தடவை கூப்புடச் சொல்லிட்டுத்தான் உள்ள வருவாங்களாம்."

நவமணி நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். "அதுக்குத்தான் வந்துச்சா? நான் அரிசிக்குன்னு நெனச்சேன்" என்றார், யாருக்கும் சொல்வதாக இல்லாமல்.

ஷரபுதீன் உள்ளே பார்த்துத் தன் மனைவியைக் கூப்பிட்டார். "சாலிஹா, இங்க வா. தாத்தாவோட அண்டாவைப் புடிச்சுக்கிட்டு வந்தாங்களே, அவங்க பேரப்புள்ளைங்க வந்திருக்காங்க."

"அண்டா இல்ல தம்பி, கட்டை" என்றார் நவமணி.

"அண்டாதான் அக்கா. சோறாக்குற பெரிய அண்டா. கவுந்து மிதந்துச்சு. தாத்தா ஒரு பக்கம், இவங்க ஒரு பக்கம்."

"எங்க அப்பாயி எங்கிட்ட சொன்னது கட்டை."

"எங்க தாத்தா எங்க வாப்பாகிட்ட சொன்னது அண்டா."

இருவரும் விட்டுக்கொடுக்கவில்லை. சாலிஹா கையைத் துடைத்துக்கொண்டே வந்து, எல்லாருக்கும் டீயை வைத்துவிட்டு, தினேஸ்வரியின் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"அதெல்லாம் கெடக்கட்டும். அந்தம்மா அப்புறம் எப்படி இருந்தாங்க? நல்லா இருந்தாங்களா?" என்று கேட்டாள்.

நவமணி பதில் சொல்ல வாயெடுத்தார். அதற்குள் மகேந்திரன் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"நல்லா இருந்தாங்கம்மா" என்றார். "ஆறு புள்ளைங்க. வாசல்ல ஒரு முருங்கை மரம். கோழின்னா உசிரு. ஒரு கோழிக்கு எங்க தோட்டத்து ஆபீஸ் கிராணியோட பேரை வச்சுத் தொரத்துவாங்க, கேளுங்க..."

குமுதா ஆச்சரியத்தோடு மகளைப் பார்த்தாள். மகேந்திரன் இத்தனை வார்த்தைகளைச் சேர்ந்தாற்போல் பேசி அவள் கேட்டதில்லை. ஷரபுதீன் இன்னொரு சுற்று டீக்குச் சொன்னார். வீட்டில் படையல் காத்திருப்பதைக் குமுதா நினைவுபடுத்திப் பார்த்தாள். யாரும் எழுந்திருப்பதாகத் தெரியவில்லை. அவளும் தன் டம்ளரை நீட்டினாள்.